மோர்டோர் தபாலில் வந்தது: டோல்கீனும் தென் ஆப்பிரிக்காவும்

டர்பனில் டோல்கீன் பேச்சை எடுத்தால் கூட்டத்தில் யாராவது ஒருவர் "அவர் நம்ம நாட்டில் பிறந்தவர்தானே" என்று சொல்லிவிடுவார். தப்பில்லை. 'த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' நாவலை எழுதிய ஜே. ஆர். ஆர். டோல்கீன் 1892 ஜனவரி 3 அன்று ப்ளூம்ஃபொன்டெய்னில் பிறந்தார். அப்பா ஆர்தர் அங்கே பேங்க் ஆஃப் ஆப்பிரிக்காவின் கிளையை நடத்தியவர். அம்மா மேபெல் முந்தைய ஆண்டுதான் இங்கிலாந்திலிருந்து கப்பலேறி வந்து, கேப் டவுனில் கல்யாணம் செய்துகொண்டவர். குழந்தைக்கு ஞானஸ்நானம் கொடுத்ததும் ப்ளூம்ஃபொன்டெய்ன் தேவாலயத்தில்தான்.

ஆனால் "நம்ம நாடு" என்று சொல்வதற்கு முன் தமிழர்கள் கொஞ்சம் நிதானிக்க வேண்டும். ப்ளூம்ஃபொன்டெய்ன் அப்போது ஆரஞ்சு ஃப்ரீ ஸ்டேட் என்ற, டச்சு வழி வெள்ளையரான போயர்களின் குடியரசுக்குத் தலைநகர். அந்தக் குடியரசு 1891-ல், அதாவது டோல்கீன் பிறப்பதற்குச் சற்று முன்னால், இந்தியர்கள் அங்கே வியாபாரம் செய்யவோ நிலம் வைத்துக்கொள்ளவோ கூடாது என்று சட்டம் போட்டுக் கடைக்காரர்களை வெளியேற்றியது. ஹோட்டலில் பரிமாறுவது போன்ற ஏவல் வேலைக்கு மட்டும் ஒருவன் இருந்துகொள்ளலாம். காந்தி தன் சுயசரிதையில் இதைக் குறிப்பிடுகிறார். குடியரசு போய், பிரிட்டிஷ் ஆட்சி வந்து, தென் ஆப்பிரிக்க ஒன்றியம் வந்து, நிறவெறி ஆட்சி வந்தும் அந்தத் தடை மட்டும் போகவில்லை. 1980களின் நடுவில்தான் நீங்கியது. டர்பனிலிருந்து ஜோஹானஸ்பர்க் போகும் என்3 நெடுஞ்சாலை ஹாரிஸ்மித் வழியாக ஃப்ரீ ஸ்டேட்டுக்குள் நுழைந்து வெளியேறுகிறது. எங்கள் வீட்டுப் பெரியவர்கள் அந்தத் துண்டுச் சாலையை எப்படிக் கடந்தோம் என்று இன்றும் சொல்வார்கள்: ரொட்டியும் உருளைக்கிழங்குக் கறியும் வீட்டிலேயே கட்டிக்கொண்டு, வண்டி பழுதாகக் கூடாது என்று முருகனை வேண்டிக்கொண்டு. அனுமதிச் சீட்டு இல்லாமல் அப்போது அங்கே தங்க முடியாது.

அப்படிப்பட்ட ஊரில் பிறந்த ஒருவர் எழுதிய மாயக்கதைகளில் தென் ஆப்பிரிக்கா எங்கே இருக்கிறது என்பது கேட்க வேண்டிய கேள்விதான். வழக்கமாகச் சொல்லப்படும் பதில்தான் சரியில்லை.

அந்தப் பதில் மலைகளைக் காட்டும். கிழக்கு கேப்பில் ஹாக்ஸ்பேக் என்று ஒரு மலைக் கிராமம் இருக்கிறது. மூடுபனி, அருவி, அடர்ந்த காடு எல்லாம் உண்டு. டோல்கீன் தன் இருண்ட காடுகளை இங்கிருந்துதான் எடுத்தார் என்று சுற்றுலாக்காரர்கள் காதில் ஓதுவார்கள். தங்கும் விடுதிக்குக்கூட, அவர் கதைகளில் வரும் குள்ள மனிதர்களான ஹாபிட்டுகளின் பெயர் வைத்திருக்கிறார்கள். டிராகன்ஸ்பெர்க் மலைத்தொடருக்கும் இதே கதை உண்டு, பெயரிலேயே டிராகன் இருப்பதால் இன்னும் வசதி. நடந்தது என்னவென்றால், 1895 ஏப்ரலில் மூன்று வயதில் அம்மாவோடும் தம்பியோடும் இங்கிலாந்துக்குக் கப்பலேறியவர் அதன் பிறகு இந்த மண்ணை மிதிக்கவே இல்லை. ப்ளூம்ஃபொன்டெய்னைச் சுற்றி இருப்பது மரமில்லாத புல்வெளி. மூன்று வயதுப் பிள்ளை அங்கிருந்து எந்தக் காட்டை எடுத்துக்கொண்டு போயிருக்கும்?

எடுத்துக்கொண்டு போனவை சின்னச் சின்ன விஷயங்கள். அவருக்கு நினைவிருந்த முதல் கிறிஸ்துமஸ் கொளுத்தும் வெயிலில், இழுத்து மூடிய திரைகளோடு, வாடித் தொங்கும் யூகலிப்டஸ் மரத்தோடு கழிந்த ஒன்று. டிசம்பரில் டர்பனில் இருப்பவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. காய்ந்த புல் நடுவே ஓடியது நினைவிருந்தது. கப்பல் பெட்டியின் மூடியில் அப்பா குடும்பப் பெயரை வண்ணத்தால் எழுதிக்கொண்டிருந்தது நினைவிருந்தது. நினைவில் இல்லாமல் பிறர் சொல்லித் தெரிந்துகொண்டவை வேறு இருந்தன. நடை பழகும் வயதில் தோட்டத்தில் ஒரு பெரிய சிலந்தி கடித்ததாம், ஆயா விஷத்தை உறிஞ்சி எடுத்தாளாம். வீட்டு வேலைக்கு இருந்த ஐசக் என்ற கறுப்பினப் பையன் குழந்தையைத் தன் குடியிருப்புக்குத் தூக்கிக்கொண்டு போய் எல்லாருக்கும் காட்டிவிட்டு மறுநாள் திரும்பக் கொண்டுவந்தானாம். பின்னாளில் தனக்கு மகன் பிறந்தபோது அவன் வைத்த பெயர் ஐசக் மிஸ்டர் டோல்கீன் விக்டர். இந்தப் பெயரை எல்லாரும் வேடிக்கையாகத்தான் எழுதுகிறார்கள். எனக்கு வேடிக்கையாகப் படவில்லை. ஊர்ப் பெயரையும் அப்பா பெயரையும் தப்பும் தவறுமாகப் பதிவேட்டில் எழுதி, அதையே பரம்பரைப் பெயராகச் சுமக்க வைக்கப்பட்ட கூலிக் குடும்பங்களிலிருந்து வந்தவர்கள் நாம்.

அப்பா பின்னால் வந்து சேர்ந்துகொள்வதாகத்தான் ஏற்பாடு. 1896 பிப்ரவரியில் நான்கு வயது டோல்கீன், அப்பாவைப் பார்க்கத் திரும்பி வரப்போகிறேன் என்று ஆயாவிடம் சொல்லி ஒரு கடிதம் எழுத வைத்தான். அது தபாலில் சேரும் முன்பே தந்தி வந்துவிட்டது. மூட்டுக்காய்ச்சலில் படுத்திருந்த ஆர்தர் பிப்ரவரி 15 அன்று இறந்துபோனார். கல்லறை ப்ளூம்ஃபொன்டெய்னில் இருக்கிறது. எட்டு வருடம் கழித்து அம்மாவும் போனார். இங்கிலாந்தின் கிராமப்புறத்தை டோல்கீன் அளவுக்கு உருகி எழுதியவர்கள் குறைவு, ஹாபிட்டுகள் வாழும் ஷயர் அப்படியே விக்டோரியா காலத்து வார்விக்ஷயர் கிராமம் என்று அவரே சொல்லியிருக்கிறார். ஆனால் அந்தப் பச்சையை அவ்வளவு கூர்மையாகப் பார்த்தது சூட்டிலிருந்தும் மணலிலிருந்தும் வந்திறங்கிய கண். இதையும் அவரே ஒப்புக்கொண்டிருக்கிறார். உள்ளூர்க்காரனுக்கு அது வெறும் வயல்.

நாவல்களைத் தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக. 1937-ல் 'த ஹாபிட்' வந்தது, பிள்ளைகளுக்கான கதை. அதற்குத் தொடர்ச்சி கேட்டார்கள். பன்னிரண்டு வருடம் எழுதி, 1954-55-ல் மூன்று பாகமாக 'த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' வந்தது. உள்ளே பிரிவுகள் ஆறு, அவற்றையும் புத்தகம் என்றே சொல்வார். சின்ன உருவமுள்ள ஃப்ரோடோ என்ற ஹாபிட், எல்லாரையும் அடிமையாக்கும் ஒரு மோதிரத்தை, அதைச் செய்த சாவ்ரான் ஆளும் மோர்டோர் நாட்டுக்கே கொண்டுபோய் எரிமலையில் போட்டு அழிக்க வேண்டும். கூடப் போவது தோட்டக்காரன் சாம். இவற்றுக்கெல்லாம் அடியில் இருக்கும் புராணத் தொகுதியான 'த சில்மரில்லியன்' அவர் இறந்து நான்கு வருடம் கழித்து, 1977-ல், மகன் கிறிஸ்டோபர் தொகுத்து வெளியானது.

அறிவியல் புனைவையும் அவர் ஒருமுறை தொட்டுப் பார்த்தார். 1930களில் நண்பர் சி. எஸ். லூயிஸும் அவரும் ஒப்பந்தம் போட்டுக்கொண்டார்கள்: லூயிஸ் விண்வெளிப் பயணம் எழுதுவது, டோல்கீன் காலப் பயணம் எழுதுவது. லூயிஸ் எழுதி முடித்துவிட்டார். டோல்கீன் தொடங்கிய 'த லாஸ்ட் ரோட்' சில அத்தியாயங்களோடு நின்றுபோனது. தலைமுறை தலைமுறையாக ஓர் அப்பாவும் மகனும் நினைவின் வழியே பின்னோக்கிப் போய், கடலில் மூழ்கும் நூமெனோர் என்ற தீவில் சேர்வதாகத் திட்டம். ஊரை விழுங்க வரும் பேரலை அவருக்கு அடிக்கடி வந்த கனவு. குமரிக்கோடு கடலில் மூழ்கியதைச் சிலப்பதிகாரத்தில் படித்தவர்களுக்கு நூமெனோரின் முடிவு அந்நியமாக இருக்காது. ஒரே வித்தியாசம், தன் கடல்கோள் கற்பனை என்பதை அவர் மறைத்ததே இல்லை.

இப்போது தபாலுக்கு வருவோம்.

1944 தொடக்கத்தில் 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' பாதியில் நின்றிருந்தது. ஃப்ரோடோவும் சாமும் கூட்டத்தைப் பிரிந்து மோர்டோர் நோக்கிப் போய்விட்டார்கள், அதற்கு மேல் ஓடவில்லை. அந்த நேரத்தில் மூன்றாவது மகன் கிறிஸ்டோபர் விமானப்படையில் சேர்ந்து விமானி பயிற்சிக்கு அனுப்பப்பட்டிருந்தான். அனுப்பிய இடம் தென் ஆப்பிரிக்கா. ஏப்ரலில் அப்பா திரும்ப எழுத உட்கார்ந்தார். ஒவ்வோர் அத்தியாயமாக முடித்து, ஆக்ஸ்ஃபோர்டில் லூயிஸுக்கு வாசித்துக் காட்டி, பிரதியெடுத்துத் தென் ஆப்பிரிக்காவுக்குத் தபாலில் அனுப்பினார். கூடவே கடிதங்கள்: இன்று இத்தனை பக்கம் ஓடியது, புதிதாக ஒருவன் கதைக்குள் வந்துவிட்டான், நான் கூப்பிடவில்லை, அவனாகவே காட்டுக்குள்ளிருந்து நடந்து வந்தான், பெயர் ஃபராமிர் என்றெல்லாம். மே மாத இறுதிக்குள் நான்காம் புத்தகம் முழுவதும் முடிந்தது. இரண்டே மாதத்தில் அவ்வளவு வேகமாக அவர் வேறு எதையும் எழுதியதாகத் தெரியவில்லை. வாரா வாரம் தொடர்கதை எழுதியவர்களை வளர்த்த மொழி நம்முடையது. ஒரு வாசகன் காத்திருக்கிறான் என்றால் பேனா எப்படி ஓடும் என்று நமக்குத் தெரியும். இங்கே வாசகன் ஒரே ஒருவன், அவன் இருந்தது அப்பா பிறந்த நாட்டில்.

என் கணக்கில் மொத்த நாவலின் உச்சம் இந்த நான்காம் புத்தகம்தான். ராஜாக்களும் குதிரைப்படையும் இதில் கிடையாது. மூன்று பேர், ஃப்ரோடோ, சாம், மோதிரத்தால் உருக்குலைந்த கோல்லம், சதுப்பும் பாறையுமாக நடக்கிறார்கள். சாப்பாட்டுக்குத் திண்டாட்டம். அதன் கடைசியில் ஒரு குகையில் ஷீலாப் என்ற ராட்சதச் சிலந்தி வருகிறது. ப்ளூம்ஃபொன்டெய்ன் சிலந்திதான் இது என்று உடனே சொல்லத் தோன்றும். கேட்டவர்களுக்கு டோல்கீன் சொன்ன பதில்: அப்படி நினைத்தால் நினைத்துக்கொள்ளுங்கள், எனக்கு அந்தக் கடி நினைவே இல்லை, சிலந்தி மேல் வெறுப்பும் இல்லை, குளியல்தொட்டியில் விழுந்தவற்றை எடுத்து வெளியே விடுகிறவன் நான். பயந்தவன் இரண்டாவது மகன் மைக்கேல். சின்ன வயதில் அவனுக்குச் சிலந்தி என்றால் ஆகாது, 'ஹாபிட்'டில் சிலந்திகள் வந்ததற்கே அதுதான் காரணம் என்று சொல்வார்கள். எப்படியோ, அப்பா தன்னைக் கடித்த நாட்டுக்கே ஒரு சிலந்தியைத் தபாலில் அனுப்பினார் என்று வேண்டுமானால் சொல்லலாம்.

சிலந்தியைவிட முக்கியமான ஒன்று அதே கட்டுக் காகிதத்தில் இருக்கிறது. தெற்கே இருக்கும் ஹரத் நாட்டிலிருந்து சாவ்ரானுக்காகச் சண்டை போட ஒரு படை போகிறது. கறுத்த மேனியர், தங்க நகை அணிந்தவர்கள், யானை போன்ற பெரிய மிருகங்களைக் கூட்டி வருகிறவர்கள். சாவ்ரானை எதிர்க்கும் தளபதி ஃபராமிரின் ஆட்கள் பதுங்கியிருந்து தாக்குகிறார்கள். அம்பு பட்ட ஒருவன் சாமின் காலடியில் வந்து விழுகிறான். மனிதரோடு மனிதர் போரிடுவதைச் சாம் பார்ப்பது அதுதான் முதல் தடவை. முகம் தெரியாதது நல்லது என்று நினைக்கிறான். அப்புறம், இவன் பெயர் என்னவாக இருக்கும், எந்த ஊர், நிஜமாகவே கெட்டவனா, என்ன பொய்யோ மிரட்டலோ இவனை இவ்வளவு தூரம் நடத்திக்கொண்டு வந்தது, வீட்டிலேயே நிம்மதியாக இருந்திருக்க விரும்பியிருப்பானோ என்று யோசிக்கிறான். சில வரிகள்தான். 1916-ல், முதல் உலகப் போரின் சோம் போர்க்களத்தில் இருந்த ஒருவரால்தான் இதை எழுத முடியும் என்பார்கள், சரிதான். ஆனால் எழுதிய மாதத்தையும் பார்க்க வேண்டும். 1944 ஏப்ரலில், தென் ஆப்பிரிக்காவில் தான் பார்த்த நடப்புகளை மகன் ஜாடையாக எழுதியிருந்தான். அதற்கு டோல்கீன் பதில் எழுதினார்: அங்குள்ள நிலைமை எனக்குத் தெரியும், என் அம்மா பேசிக் கேட்டிருக்கிறேன், நிறத்தை வைத்து மனிதர்களை நடத்தும் விதம் பிரிட்டனிலிருந்து போகும் யாரையும் திடுக்கிட வைக்கும், வருத்தம் என்னவென்றால் அந்த நல்ல உணர்வு பலருக்கு நீடிப்பதில்லை. இந்தக் கடிதத்துக்கும் சாமின் யோசனைக்கும் இடையே சில வாரங்கள்தான். ஒன்று மற்றதிலிருந்து வந்தது என்று நிரூபிக்க முடியாது. இரண்டும் ஒரே மேசையிலிருந்து ஒரே விலாசத்துக்குப் போயின.

பீட்டர் ஜாக்சன் எடுத்த படத்தின் நீண்ட பதிப்பில் இந்த யோசனையைச் சாமிடமிருந்து பிடுங்கி ஃபராமிர் வாயில் வைத்துவிட்டார்கள். தோட்டக்காரன் நினைத்தது தளபதியின் வசனமாகிவிட்டது. எனக்கு இதில் கோபம் உண்டு. யாருக்கோ தோட்டம் கொத்தி, யாருக்கோ கரும்பு வெட்டி வந்த வம்சத்தில் பிறந்தவர்களுக்கு இந்த இடமாற்றம் சின்ன விஷயமாகத் தெரியாது.

இதோடு நிறுத்திக்கொண்டால் டோல்கீனுக்குப் பாராட்டுப் பத்திரம் வாசித்த மாதிரி ஆகிவிடும். ஐந்தாம் புத்தகத்தில், போர் முடிந்த பிறகு எழுதிய பகுதியில், தூர ஹரத்திலிருந்து வரும் கறுப்பு மனிதர்களைப் பாதி ராட்சதர் போல, வெள்ளைக் கண்ணும் சிவந்த நாக்குமாக வர்ணிக்கும் ஒரு வரி வருகிறது. சாம் பெயர் கேட்க நினைத்த மனிதன் அங்கே மிருகமாகிவிடுகிறான். இதற்குச் சமாதானம் சொல்பவர்கள் இருக்கிறார்கள்: பழைய காவியங்களின் மரபு, பார்ப்பவனின் பயம், இப்படி. எதுவும் எனக்குப் போதவில்லை. நல்லவர்கள் வடமேற்கில், கிழக்கும் தெற்கும் எதிரி பக்கம் என்று அமைந்த வரைபடத்தைத் தெற்கில் இருந்துகொண்டு வாசிப்பவருக்கு அந்த வரி உறுத்தத்தான் செய்யும்.

அதே ஆள் 1938-ல், 'ஹாபிட்'டை வெளியிட விரும்பிய ஜெர்மன் பதிப்பகம் நீர் ஆரியரா என்று கேட்டதற்கு, ஆரியர் என்றால் இந்தோ-இரானியர், என் முன்னோர் யாரும் ஹிந்துஸ்தானியோ பாரசீகமோ பேசவில்லை என்று நக்கலாகப் பதில் எழுதி வைத்தவர். 1959-ல் ஆக்ஸ்ஃபோர்டில் ஓய்வு பெறும்போது ஆற்றிய உரையில், அபார்ட்ஹைட் என்ற நிறவெறிப் பிரிவினை மீதான வெறுப்பு தன் எலும்பிலேயே இருக்கிறது என்றார். அடுத்த மூச்சிலேயே, எல்லாவற்றையும்விடத் தான் வெறுப்பது மொழியையும் இலக்கியத்தையும் பிரித்து வைப்பதை என்று பாடத்திட்டச் சண்டைக்குள் போய்விட்டார்! பல மேற்கோள் தொகுப்புகளில் முதல் பாதி மட்டும்தான் இருக்கும். ஷார்ப்வில்லில் கறுப்பின மக்கள் மேல் போலீஸ் நடத்திய துப்பாக்கிச்சூட்டுக்கு முந்தைய வருடம் அது. டர்பனின் கேடோ மேனரிலிருந்து மக்களை அப்புறப்படுத்திக்கொண்டிருந்த சமயம். பேராசிரியருக்குப் பாடத்திட்டம் பெரிதாகத் தெரிந்ததில் ஆச்சரியமில்லை.

ஆனாலும் மொழி அவருக்கு வெறும் பாடத்திட்ட விவகாரம் இல்லை. ஃபின்னிஷ் ஒலியில் குவென்யா, வெல்ஷ் ஒலியில் சிந்தரின் என்று, தன் கதைகளில் வரும் சாவில்லாத எல்ஃப் இனத்துக்கு முதலில் மொழிகளை உண்டாக்கினார். அந்த மொழிகள் வாழ ஓர் உலகம் வேண்டும் என்பதற்காகத்தான் கதைகள் வந்தன என்று பலமுறை சொல்லியிருக்கிறார். அதனால் அவருடைய கதையில் ஒரு மொழி வெறும் அலங்காரமாக வருவதில்லை, வேலை செய்கிறது. ஷீலாப் குகைக் காட்சியையே எடுத்துக்கொள்ளுங்கள். இருட்டில் ஃப்ரோடோ ஒளிக்குப்பியை உயர்த்தி என்னமோ கத்துகிறான், தான் என்ன சொன்னோம் என்று அவனுக்கே தெரியவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, விழுந்து கிடக்கும் எஜமானனைக் காக்க நிற்கும் சாமின் நாக்கும் அவிழ்கிறது. அவனுக்குத் தெரியாத எல்ஃப் மொழியில், எங்கோ விருந்தில் கேட்ட துதிப்பாடல் வாயில் வருகிறது. டோல்கீன் அதை அங்கே மொழிபெயர்ப்பதும் இல்லை.

மற்ற நாட்டுத் தமிழர்கள் இதை ஒரு மந்திரக் காட்சியாகக் கடந்துபோகலாம். டர்பனில் முடியாது. மவுண்ட் எட்ஜ்கம்பில் தைப்பூசத்துக்குக் காவடி எடுக்கிறவர்களில் பெரும்பாலோருக்கு வீட்டில் ஆங்கிலம்தான். தேவாரத்தையும் திருப்புகழையும் ரோமன் எழுத்தில் அச்சடித்துப் பார்த்துப் பாடுகிறார்கள். அர்த்தம் கேட்டால் பாதிப் பேர் சிரிப்பார்கள். ஆனால் வீட்டில் ஒருவர் மூச்சுத் திணறிக் கிடக்கும்போது வாயில் வருவது அதுதான், ஆங்கிலம் இல்லை. தெரியாத மொழி எப்படிக் காப்பாற்றும் என்று கேட்பவர்களுக்கு நான் சாமைக் காட்டுவேன். ஒரு மொழியியல் பேராசிரியர், மொழியை அக்குவேறு ஆணிவேறாகப் பிரிக்கத் தெரிந்தவர், புரியாமல் சொன்ன சொல்லுக்கும் பலன் உண்டு என்று எழுதினாரே, அதுதான் ஆச்சரியம்.

கடைசியாக, எல்லாரும் தாண்டிப்போகும் ஓர் இடம். மோர்டோர் என்றால் சாம்பலும் பாறையும்தான் நினைவுக்கு வரும். அவ்வளவு பெரிய படைக்குச் சோறு எங்கிருந்து வந்தது? ஆறாம் புத்தகத்தில் டோல்கீன் அதற்கும் ஒரு வரி வைத்திருக்கிறார். நாட்டின் தெற்கே, நூர்னென் என்ற ஏரிக்கரையில், அடிமைகள் பாடுபடும் பரந்த வயல்கள் இருக்கின்றன. ஃப்ரோடோவும் சாமும் அந்தப் பக்கம் போவதில்லை, அப்படி ஒன்று இருப்பதே அவர்களுக்குத் தெரியாது. 1860 நவம்பர் 16 அன்று ட்ரூரோ கப்பலில் மதராஸிலிருந்து 342 பேர் டர்பனில் வந்திறங்கியதும் இப்படித்தான் ஒரு நாட்டின் வயலுக்கு ஆள் சேர்த்த கதை. ஒப்பந்தம் முடிந்து தங்குபவர்களுக்கு நிலம் என்ற பேச்சு இருந்தது. கொஞ்சப் பேருக்குக் கிடைத்தது, பிறகு நின்றுபோனது. டோல்கீன் கப்பலேறிய அதே 1895-ல், டர்பன் அடங்கிய நேட்டாலில் வந்தது மூன்று பவுண்ட் வரி. ஒப்பந்தம் முடிந்தும் ஊர் திரும்பாதவர்கள் தலைக்கு வருடம் மூன்று பவுண்ட் கட்ட வேண்டும், இல்லை என்றால் திரும்பக் கரும்புக்காட்டுக்குப் போக வேண்டும். அதை எடுக்க 1913 வேலைநிறுத்தமும் உயிர்ப்பலியும் தேவைப்பட்டன.

நாவலில் சாவ்ரான் விழுந்த பிறகு அரகார்ன் மன்னனாகிறான். ஹரத்தோடு சமாதானம் செய்துகொள்கிறான். மோர்டோரின் அடிமைகளை விடுவித்து, நூர்னென் ஏரியைச் சுற்றியிருந்த நிலம் முழுவதையும் அவர்களுக்கே கொடுத்துவிடுகிறான். முடிசூட்டு விழா நடுவே ஒரு வாக்கியத்தில் இது வந்துபோகிறது, படத்தில் இல்லவே இல்லை. அந்த அடிமைகள் எந்த ஊரார், என்ன மொழி பேசினார்கள், நிலத்துக்கு வரி உண்டா என்பதையெல்லாம் டோல்கீன் எழுதவில்லை. ஹாபிட்டுகளின் வம்சாவளிக்கு மட்டும் பின்னிணைப்பு பக்கம் பக்கமாக இருக்கிறது.